அடிச்சுவடும் அயலார் கண்ணும்

மட்டக்களப்பு வாவியின் கிழக்குக் கரையை எழுவான்கரை என்றும், மேற்குக் கரையைப் படுவான்கரை என்றும் நம் முன்னோர் பெயரிட்டு வைத்தனர். ஞாயிறு எழுகின்ற பக்கம் ஒன்று. படுகின்ற பக்கம் மற்றொன்று. களுவாஞ்சிகுடியிலிருந்து பட்டிருப்புப் பாலத்தைக் கடந்து, போரதீவு வழியாகச் சென்றால் படுவான்கரையிலே பழுகாமம் என்னும் ஊரை அடையலாம். நெல்வயலும் வாவி நீரும் திரௌபதை அம்மன் கோயிலும் அவ்வூரின் அடையாளங்கள். அந்த ஊர்க்காரன் என்ற முறையிலேதான் இன்று உங்களுடன் பேசுகிறேன். ஆயினும் ஊர்ப் பெருமை பேச நான் வரவில்லை. ஊரிலே கண்ட ஒரு சிறு மாற்றத்தைப் பற்றிச் சொல்ல வந்திருக்கிறேன்.

எங்கள் பகுதியிலே அண்மைக் காலமாக ஒரு நல்ல வழக்கம் வளர்ந்து வருகிறது. விடியற்காலையில் இளைஞர்கள் துவிச்சக்கர வண்டியேறிப் பாலத்தைக் கடந்து நெடுந்தூரம் சென்று மீளுகிறார்கள். பெண்கள் இருவர் மூவராகச் சேர்ந்து வயலோர வீதிகளிலே வேகநடை நடக்கிறார்கள். ஓய்வு பெற்ற ஆசிரியர்கள் குளக்கட்டிலே உலாவுகிறார்கள். பொழுதுபோக்காகத் தூண்டில் போடுவோரும், பறவைகளைப் பார்த்துக் குறிப்பெடுப்போரும் வாவிக் கரைக்கு வருகிறார்கள். உடலுக்கும் உள்ளத்திற்கும் நலந்தரும் இவ்வழக்கத்தை யார்தான் குறை கூறுவர்? ஆனால் இவர்களுட் பலர் தனியே போவதில்லை. கையிலே கட்டிய மணிக்கூடும், சட்டைப்பையிலே வைத்த கையடக்கத் தொலைபேசியும் கூடவே போகின்றன. அவை வெறுமனே போவதில்லை. சென்ற வழியை அடிக்கு அடி எழுதிக்கொண்டே போகின்றன. வீடு திரும்பியதும் அந்த வழி ஒரு கோடாக வரையப்பட்டு, தேசப்படத்தின்மேல் ஏற்றப்பட்டு, நண்பர்களுக்கும் நண்பரல்லாதாருக்கும் காட்டப்படுகிறது. இந்தக் கோடு யாருக்கு என்ன சொல்கிறது என்பதே இன்றைய பேச்சின் பொருள்.

முதலில் ஒரு பழைய காட்சியை நினைவூட்டுகிறேன். வாவியைக் கடக்கப் பாலங்கள் அருகியிருந்த காலத்திலே, ஓடமும் தோணியுமே எங்களுக்கு வழி. மண்முனைத் துறையிலே 2014ஆம் ஆண்டில்தான் பாலம் அமைந்தது. மண்டூர் முருகனைக் காணச் செல்பவர் குருமண்வெளித் துறையிலே ஓடம் ஏறுவது நெடுங்கால வழக்கம். துறையிலே நின்ற ஓடக்காரருக்கு எல்லாம் தெரியும். இன்னார் மகன் காலையில் அக்கரைக்குப் போனான், இன்னும் வரவில்லை. இன்னார் வீட்டிலே விருந்தாளி வந்திருக்கிறார். இன்னாருக்குக் களுவாஞ்சிகுடி ஆசுபத்திரியிலே வேலை இருக்கிறது. இவ்வளவும் அவர் அறிவார். ஆனால் அதனால் எவரும் அஞ்சவில்லை. ஏன்? அவர் நம்மை அறிந்தது போலவே நாமும் அவரை அறிந்திருந்தோம். அவருடைய வீடும் குலமும் நற்பண்பும் நமக்குத் தெரியும். மேலும், அவர் அறிந்தவற்றுள்ளே பெரும்பகுதி அடுத்த வாரத்திற்குள் மறந்து போகும். அறிபவரை நாம் அறிந்திருத்தலும், அறிந்தது மறந்து போதலும் ஆகிய இவ்விரண்டுமே நமக்கு வேலியாக இருந்தன. இன்று அந்த வேலி இரண்டு பக்கமும் விழுந்துவிட்டது.

எவ்வாறு விழுந்தது என்பதை விளங்கிக்கொள்ள, கையிலிருக்கும் கருவி தான் இருக்கும் இடத்தை எப்படி அறிகிறது என்பதைச் சிறிது பார்ப்போம். நிலத்திலிருந்து ஏறத்தாழ 20,200 கிலோமீற்றர் உயரத்திலே ஜீ.பீ.எஸ். என்னும் அமைப்பைச் சேர்ந்த அமெரிக்கச் செய்மதிகள் உலகைச் சுற்றி வருகின்றன. அவை ஒவ்வொன்றும் ஓயாமல் நேரத்தைச் சொல்லிக்கொண்டே இருக்கின்றன. குறைந்தது நான்கு செய்மதிகளின் குரலைக் கேட்கும் கருவி, ஒவ்வொரு குரலும் வந்துசேரப் பிடித்த நேரத்தைக் கணக்கிட்டுத் தன் இடத்தைத் தானே அறிந்துகொள்கிறது. 2000ஆம் ஆண்டு மே மாதம் வரை பொதுமக்களுக்குக் கிடைத்த அலைகள் வேண்டுமென்றே சற்றுப் பிழைபடுத்தப்பட்டிருந்தன. அந்தக் கட்டுப்பாடு நீங்கிய பின்னர், ஒரு வயலின் எந்த வரம்பிலே நிற்கிறோம் என்பது வரை சொல்லும் நுட்பம் சாதாரண மக்களுக்கும் கிட்டியது.

இங்கே பலர் கொள்ளும் ஒரு தவறான எண்ணத்தை நீக்கிவிட வேண்டும். வானத்திலுள்ள செய்மதி நம்மைப் பார்த்துக்கொண்டிருப்பதில்லை. அது பேசுகிறது, கேட்பதில்லை. வானொலி நிலையத்திற்கு உங்கள் வீட்டு வானொலிப் பெட்டி எங்கே இருக்கிறதென்று தெரியாதது போல, செய்மதிக்கும் உங்களைத் தெரியாது. இடத்தை அறிந்தது உங்கள் கையிலுள்ள கருவி. அதனை எழுதி வைத்தது கருவியிலுள்ள செயலி. இணையத்தின் வழியாக வேறொரு நாட்டிலே உள்ள கணினிக்கு அனுப்பியதும் அந்தச் செயலிதான். அனுப்பலாம் என்று ஒப்புதல் அளித்தவர், பெரும்பாலும் படித்துப் பாராமலே, நாம்தான். ஆகவே காவல் வேண்டியது வானத்திலே அன்று. நம் விரல் நுனியிலே.

இனி, என் வீட்டிலே நடந்த ஒன்றைச் சொல்கிறேன். என் தமக்கையின் மகன் துவிச்சக்கர வண்டி ஓட்டத்திலே மிகுந்த ஆர்வமுள்ளவன். ஒருநாள் தன் மூன்று மாத ஓட்டங்களைப் பெருமையோடு எனக்குக் காட்டினான். எத்தனை கிலோமீற்றர், எவ்வளவு வேகம் என்பனவெல்லாம் இருந்தன. "இதை யாரெல்லாம் பார்க்கலாம்?" என்று கேட்டேன். "யாரும் பார்க்கலாம் மாமா. இதில் மறைக்க என்ன இருக்கிறது?" என்றான். இருவரும் அருகருகே உட்கார்ந்து, அவனை அறியாத ஒருவன் பார்ப்பது போல அந்தக் கோடுகளைப் பார்த்தோம்.

கோடுகள் எல்லாம் ஒரே புள்ளியிலே தொடங்கின. அதே புள்ளியிலே முடிந்தன. அது எங்கள் தமக்கை வீட்டு வாசல். கிழமை நாட்களில் ஐந்தேகாலுக்குப் புறப்பட்டு ஆறரைக்குத் திரும்புகிறான். அவ்வேளையில் வீட்டிலே ஆண்பிள்ளை இல்லை என்பது தெரிந்தது. சனிக்கிழமைகளில் வேறோர் ஊரிலே ஒரு வீட்டின் முன் இருபது நிமிடம் நிற்கிறான். அது அவன் நண்பன் வீடு. நண்பனுடைய கோடும் அங்கிருந்தே தொடங்குகிறது. சித்திரை மாதத்திலே ஒரு வாரம் முழுவதும் கோடுகள் நுவரெலியாவிலே இருந்தன. அவ்வாரத்திலே குடும்பத்தோடு பயணம் போயிருந்தார்கள். வீடு பூட்டிக் கிடந்தது. ஒரு சொல்கூட அவன் எழுதவில்லை. ஆனால் வீடு, நேரம், நட்பு, பயணம், பூட்டிய கதவு ஆகிய அத்தனையும் கோடுகளே சொல்லிவிட்டன. அவன் சிறிது நேரம் பேசாமலிருந்தான். பின்பு, "அம்மா தனியே இருக்கும் நேரத்தையல்லவா நான் ஊருக்கு அறிவித்திருக்கிறேன்!" என்றான். மறைக்க என்ன இருக்கிறது என்று கேட்டவனுக்கு விடை அவன் வாயிலிருந்தே வந்தது.

இது ஒரு சிற்றூர் இளைஞனின் அறியாமை என்று எண்ணவேண்டாம். பெரும் படைகளும் இதே குழியிலே விழுந்தன. அமெரிக்காவின் சான் பிரான்சிஸ்கோ நகரிலே தலைமையகத்தைக் கொண்ட ஸ்ட்ராவா என்னும் நிறுவனம், ஓடுவோரும் மிதிவண்டி மிதிப்போரும் தம் வழிகளைப் பதிந்து பகிர்ந்துகொள்ளும் செயலியை நடத்துகிறது. 2017ஆம் ஆண்டு நவம்பரிலே அந்நிறுவனம் தன் பயனாளர்களின் வழிகளையெல்லாம் ஒன்று சேர்த்து உலகப் படம் ஒன்றை வெளியிட்டது. சுமார் 100 கோடி ஓட்டங்களும் நடைகளும் அதிலே அடங்கின. எவருடைய பெயரும் இல்லை. பலர் சென்ற வழி ஒளியாகவும், எவரும் செல்லாத நிலம் இருளாகவும் தோன்றும் அழகிய படம் அது.

2018ஆம் ஆண்டு ஜனவரியிலே அவுஸ்திரேலிய மாணவர் நேதன் ரூசர் அந்தப் படத்தை உற்று நோக்கினார். சிரியாவும் ஆப்கானிஸ்தானும் பெரும்பாலும் இருண்டு கிடந்தன. ஆயின் அவ்விருளின் நடுவே, பாலைவனத்திலே, சிறுசிறு ஒளி வட்டங்கள் தெரிந்தன. அவை யாவை? அயல்நாட்டுப் படைவீரர் தம் முகாம்களைச் சுற்றிக் காலை மாலை ஓடிய சுவடுகள்! முகாம் இருக்கும் இடம் மட்டுமன்று, அதன் உள்வழிகளும் வெளிப்பட்டன. அவ்வாண்டு ஆகஸ்டிலே அமெரிக்கப் பாதுகாப்புத் திணைக்களம், போர்ப் பகுதிகளிலே பணியாற்றுவோர் இருப்பிடம் காட்டும் கருவிகளைப் பயன்படுத்தலாகாது என்று உத்தரவிட்டது. நிறுவனமும் மிகச் சிலரே சென்ற வழிகள் படத்திலே தோன்றாதபடி மாற்றம் செய்தது. ஆனால் பழக்கம் எளிதிலே மாறவில்லை. 2024ஆம் ஆண்டு அக்டோபரிலே பிரான்சின் லெ மொந்த் நாளிதழ், நாட்டுத் தலைவர்களின் மெய்க்காவலர் தம் காலை ஓட்டத்தைப் பதிந்து வெளியிடுவதாலே, தலைவர்கள் எங்கே தங்குகிறார்கள் என்பதை அறிய முடிகிறது என்று எடுத்துக்காட்டியது.

நேயர்களே, இந்த நிகழ்ச்சியிலே நம் போன்ற ஊரவர்க்கு உரிய பாடம் எது? படை முகாம்களைக் காட்டிக் கொடுத்தது ஒளி அன்று, சுற்றியிருந்த இருள். கொழும்புக் காலிமுகத் திடலிலே மாலையில் ஓடும் ஒருவரின் கோடு, ஆயிரம் கோடுகளிலே ஒன்றாகக் கலந்து மறைந்துவிடும். பெருநகரத்துக் கூட்டமே அவருக்குப் போர்வை. பழுகாமத்து வயல்வீதியிலே விடியற்காலையிலே செல்லும் ஒருவரின் கோட்டிற்கு அந்தப் போர்வை இல்லை. இருண்ட வயல்வெளியிலே தனியாக எரியும் விளக்கு எத்தனை கல் தொலைவுக்குத் தெரியும் என்பதை நாம் அறிவோம். "நாம் சிற்றூரார், நம்மை யார் தேடப் போகிறார்கள்?" என்று எண்ணுகிறோம். உண்மை அதற்கு நேர்மாறு. சிற்றூரிலே ஒரு கோடு என்றால், அது இன்னாருடையது என்று கண்டுபிடிப்பதற்கு மிகுந்த முயற்சி வேண்டியதில்லை.

"பெயரைப் போடாவிட்டால் போதாதா?" என்று கேட்கலாம். போதாது. 2013ஆம் ஆண்டிலே ஆராய்ச்சியாளர் சிலர், ஓர் ஐரோப்பிய நாட்டின் 15 இலட்சம் தொலைபேசிப் பாவனையாளரின் 15 மாத இருப்பிடப் பதிவுகளை, பெயர்களை நீக்கிவிட்டு ஆராய்ந்தனர். ஒருவர் இருந்த நான்கு இடங்களும், அங்கிருந்த நேரங்களும் தெரிந்தால், நூற்றுக்கு 95 பேரைத் தனியே பிரித்துக் காட்டிவிடலாம் என்று கண்டனர். வீட்டிலே உறங்குவதும், பாடசாலையிலோ கந்தோரிலோ பகலைக் கழிப்பதும், குறித்த நாளிலே கோயிலுக்குப் போவதும் சேர்ந்து அமையும் கோலம் கைரேகை போன்றது. ஒருவருடையது மற்றவருக்குப் பொருந்தாது.

இந்தக் கோலங்களை விலைக்கு வாங்குவோரும் உளர். பொழுதுபோக்குச் செயலிகள் மட்டுமல்ல, மழை வருமா என்று சொல்லும் செயலி, கடையிலே தள்ளுபடி தரும் செயலி போன்றனவும் இருப்பிடத்தை அறிந்து பிறருக்குக் கொடுக்கக்கூடும். 2019ஆம் ஆண்டு டிசம்பரிலே நியூயோர்க் ரைம்ஸ் பத்திரிகைக்கு அத்தகைய தரவுக் கோப்பு ஒன்று கிடைத்தது. அமெரிக்கர் 1 கோடியே 20 இலட்சம் பேருக்கு மேற்பட்டோரின் தொலைபேசிகள் விட்டுச் சென்ற 5,000 கோடிக்கு மேற்பட்ட புள்ளிகள் அதிலே இருந்தன. பெயர்கள் இல்லை. இருந்தும் பத்திரிகையாளர் பலரை வீடுவரை தொடர்ந்து சென்று இனங்கண்டனர். நம் ஓடக்காரர் நம்மைப் பற்றி அறிந்ததை எவருக்கும் விற்கவில்லை. இந்தப் புதிய ஓடக்காரர் யாரென்றே நமக்குத் தெரியாது. அவர் எதையும் மறப்பதுமில்லை.

வீட்டு வாசலை மறைப்பதற்குச் செயலிகளிலே ஒரு வசதி உண்டு. வீட்டைச் சுற்றி ஒரு வட்டம் குறித்துவிட்டால், அவ்வட்டத்திற்குள் வரும் கோடு பிறருக்குத் தெரியாது. இது நல்ல வசதி. கட்டாயம் பயன்படுத்த வேண்டியது. ஆனால் அதனை முற்றாக நம்பியும் இருத்தலாகாது. பாடசாலையிலே கேத்திரகணிதம் கற்றவர்கள் இதனை எளிதில் உணர்வர். ஒரே நேர்கோட்டில் அமையாத மூன்று புள்ளிகள் தெரிந்தால், அவற்றின் வழியே செல்லும் வட்டம் ஒன்றே. அதன் மையமும் ஒன்றே. மூன்று நாள் மூன்று திசையாகப் புறப்பட்டால், கோடுகள் வெளிப்படும் மூன்று இடங்களும் வட்டத்தின் விளிம்பைக் காட்டும். விளிம்பு தெரிந்தால் மையம் தெரியும். மையத்திலே வீடு இருந்தால்? 2018ஆம் ஆண்டிலே அமெரிக்காவின் இலினோய் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்தோர் இம்முறையாலே மறைத்த இடங்களைக் கண்டுபிடிக்கலாம் என்று நிறுவினர். ஆகவே வட்டம் பெரிதாக இருக்கட்டும். வீடு அதன் நடுவிலே அமையாதிருக்கட்டும். அதைவிட எளிய வழியும் உண்டு. பாலத்தடியிலோ சந்தியிலோ வந்த பின்னர் கருவியை முடுக்குங்கள். அங்கேயே நிறுத்திவிட்டு வீடு செல்லுங்கள்.

இதனால் வரும் துன்பம் எல்லார்க்கும் ஒரே அளவினதன்று. நாள்தோறும் ஒரே நேரத்திலே ஒரே வழியிலே தனியே நடக்கும் பெண்ணின் கோடு, அவளுக்குத் தீங்கு நினைப்பவன் கையிலே கால அட்டவணையாகிவிடும். ஒரு கொடுமையிலிருந்து விலகி வேறூரிலே வாழ்பவருக்கு, அவர் தங்கியிருக்கும் இடம் வெளிப்படுவது உயிருக்கே ஆபத்து. வெளிநாட்டிலே உழைக்கும் மகனோ மகளோ அனுப்பும் பணத்தாலே வாழும் முதிய பெற்றோருக்கு, வீடு காலியாகும் நாள் அயலார்க்குத் தெரிவது கேடு. பதிந்தவர் ஒருவர்; பலனை அனுபவிப்பவர் வேறொருவர். நாம் சேர்ந்து நடக்கும்போது என் கருவி எழுதுவது என் வழியை மட்டுமா? என்னோடு வந்தவரின் வழியையும் அல்லவா? அவரைக் கேட்காமலே அவருடைய நடையை உலகிற்கு அறிவிக்க எனக்கு என்ன உரிமை?

நம் பகுதியிலே நடுத்தர வயதைக் கடந்தவர்கள் மறவாத ஒன்று உண்டு. போர் நடந்த ஆண்டுகளிலே, வாவியின் ஒரு கரையிலிருந்து மறு கரைக்குச் செல்பவர் சோதனைச் சாவடிகளிலே நிற்க வேண்டியிருந்தது. பெயர் என்ன, ஊர் எது, எங்கே போகிறாய், ஏன் போகிறாய், எப்போது திரும்புவாய் என்ற கேள்விகளுக்கு விடை சொல்லிச் சொல்லி நாக்கு வறண்டது. ஒருவன் போவதையும் வருவதையும் இன்னொருவன் எழுதி வைத்திருப்பது எத்தகைய பாரம் என்பதைப் புத்தகம் படித்து நாம் அறியவேண்டியதில்லை. அந்நாளில் கேட்டபோது மனம் கசந்து சொன்ன விடைகளை, இந்நாளில் எவரும் கேளாமலே மகிழ்ந்து எழுதிக் கொடுக்கிறோம். அன்று எழுதியவரின் முகமாவது தெரிந்தது. எழுதிய ஏடு இன்று யார் கையில் இருக்கிறது, நாளை யார் கைக்குப் போகும் என்ற அச்சத்தை அனுபவித்த மக்கள் நாம். அந்த அனுபவத்தைப் பிள்ளைகளுக்குக் கசப்பாக அல்லாமல் அறிவாகக் கொடுக்க வேண்டியது நம் கடமை.

மனிதருக்கு மட்டுமன்றி, வாயில்லாப் பிராணிகளுக்கும் இது பொருந்தும். இந்தியாவின் மத்தியப் பிரதேசத்திலே, பன்னா காப்பகத்தைச் சேர்ந்த புலியொன்றின் கழுத்திலே, அதன் நடமாட்டத்தை அறிந்து அதனைக் காப்பதற்காக இருப்பிடம் காட்டும் பட்டி ஒன்று மாட்டப்பட்டிருந்தது. 2013ஆம் ஆண்டு ஜூலையிலே, அந்தத் தகவல் வந்து சேரும் மின்னஞ்சற் கணக்கைப் புனே நகரிலிருந்து எவரோ திறக்க முயன்றனர். முயற்சி தடுக்கப்பட்டது. ஆயினும் காப்பதற்காகக் கட்டிய பட்டியே கொல்வதற்கு வழிகாட்டுமோ என்னும் அச்சம் எழுந்தது. நம் நாட்டு யால வனத்திலே சிறுத்தை நிற்கும் இடத்தை ஜீப் சாரதிகள் தொலைபேசியிலே ஒருவருக்கொருவர் சொல்ல, வண்டிகள் அவ்விடத்திலே முண்டியடித்து நிற்பதைக் கண்டவர் பலர். வாவிக் கரையிலே கூடு கட்டிய பறவையின் படத்தை நாம் வெளியிடும்போது, இடத்தையும் சேர்த்து வெளியிட்டால், முட்டை பொரிக்குமுன்னே கூட்டம் கூடிவிடும்.

பறவை நோக்குவோர் இதற்கு ஓர் ஒழுங்கு வகுத்திருக்கிறார்கள். அமெரிக்காவின் கோர்ணெல் பல்கலைக்கழகப் பறவையியல் ஆய்வுகூடம் நடத்தும் ஈபேர்ட் என்னும் பதிவேட்டிலே, அருகிவரும் சில இனங்களைக் கண்ட சரியான இடம் பொதுமக்களுக்குக் காட்டப்படுவதில்லை. 400 சதுரக் கிலோமீற்றர் பரப்புள்ள ஒரு பெருங்கட்டத்துள்ளே எங்கோ கண்டதாக மட்டுமே அது சொல்லும். ஆராய்ச்சிக்கும் குறைவில்லை, பறவைக்கும் தீங்கில்லை. பறவைக்கு நாம் காட்டும் இந்த மரியாதையை நம் தாய்க்கும் சகோதரிக்கும் பிள்ளைக்கும் காட்டவேண்டாமா?

படங்களைப் பற்றியும் ஒரு சொல். கைத்தொலைபேசி எடுக்கும் படத்தினுள்ளே, கண்ணுக்குத் தெரியாதபடி, எடுத்த இடத்தின் அகலக்கோடும் நெடுங்கோடும் எழுதப்பட்டிருக்கலாம். 2012ஆம் ஆண்டு டிசம்பரிலே, பொலிசாரால் தேடப்பட்டுத் தலைமறைவாயிருந்த கணினித் தொழிலதிபர் ஜோன் மெக்காபியின் படத்தை ஒரு சஞ்சிகை வெளியிட்டது. அவர் குவாத்தமாலா நாட்டிலே எவ்விடத்திலே இருந்தார் என்பதைப் படமே சொல்லிவிட்டது. ஒளிந்திருந்தவரையே காட்டிக்கொடுக்கும் படம், ஒளியாதிருக்கும் நம் பிள்ளைகளைக் காட்டாமல் விடுமா? படமெடுக்கும் செயலிக்கு இருப்பிடம் அறியும் அனுமதியை நீக்கிவிட்டால் இத்தொல்லை இல்லை.

இவ்வளவும் கேட்டபின், "அப்படியானால் கருவியை வீட்டிலே வைத்துவிட்டுத்தான் போகவேண்டுமா?" என்று நினைப்பீர்கள். அவ்வாறு நான் சொல்லவில்லை. மட்டக்களப்பு வாவி ஏறத்தாழ 56 கிலோமீற்றர் நீளமுள்ளது. மழைக்காலத்திலே காற்றும் நீரோட்டமும் கணத்திலே மாறும். தோணியிலே தனியே செல்பவர் இருக்குமிடம் ஒருவருக்குமே தெரியாதிருப்பது பெரும் ஆபத்து. அக்கரைக்குப் போனவன் பொழுதுபட்டும் வராவிட்டால், விளக்கெடுத்துத் தேடப் புறப்பட்டவர் அந்தப் பழைய ஓடக்காரர் அல்லவா? அவர் அறிந்திருந்ததே போனவனைக் காத்தது. இருப்பிடத்தைச் சொல்வது தவறன்று. யாருக்குச் சொல்கிறோம், எப்போது சொல்கிறோம், எவ்வளவு சொல்கிறோம் என்பதிலேதான் எல்லாம் இருக்கிறது.

நம்மீது அன்புள்ள ஒருவருக்கு, போகும்போதே, முழுவதையும் சொல்லுங்கள், அது பாதுகாப்பு. நம்மை அறியாத ஊராருக்கு, திரும்பி வந்த பின், வேண்டிய அளவே சொல்லுங்கள், அது நாகரிகம். புறப்படுமுன் மனைவிக்கோ தம்பிக்கோ இருப்பிடத்தை அனுப்பி வையுங்கள். வந்து சேர்ந்ததும் அதனை நிறுத்திவிடுங்கள். ஓட்டப் பதிவுகள் நண்பர்களுக்கு மட்டும் தெரியும்படி அமைத்துக்கொள்ளுங்கள். அந்த நண்பர் பட்டியலிலே முகமறியாதவர் இருந்தால் நீக்கிவிடுங்கள். பயணத்திலிருக்கும்போது பயணப் படம் போடாதீர்கள். வீடு வந்து போடுங்கள். எந்தச் செயலிக்கு இருப்பிடம் தேவை, எதற்குத் தேவையில்லை என்று தொலைபேசியின் அமைப்புப் பகுதியிலே ஒருமுறை பாருங்கள். தேவையானதற்கும், பயன்படுத்தும் நேரத்திற்கு மட்டும் அனுமதி கொடுங்கள். பழைய பதிவுகளிலே வேண்டாதவற்றை அழித்துவிடுங்கள். இவற்றைச் செய்ய ஒரு மாலைப்பொழுது போதும்.

சட்டமும் சிறிது துணை நிற்கிறது. இந்தியாவின் உச்ச நீதிமன்றம் 2017ஆம் ஆண்டு ஆகஸ்ட் 24ஆம் நாள், தனிமை காக்கும் உரிமை அடிப்படை உரிமையே என்று தீர்ப்பளித்தது. நம் நாட்டிலே, ஒருவரைப் பற்றிய தரவுகளைப் பாதுகாப்பதற்கான 2022ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கச் சட்டம், ஒருவரை இனங்காட்டும் தரவுகளிலே இருப்பிடத் தரவையும் பெயர் குறித்துச் சேர்த்திருக்கிறது. தம்மைப் பற்றி வைத்திருப்பதைக் காணவும், திருத்தவும், அழிக்கக் கேட்கவும், கொடுத்த ஒப்புதலை மீளப் பெறவும் உரிய உரிமைகளை அச்சட்டம் வகுக்கிறது. ஆயினும் வயலைக் காப்பது சட்டப் புத்தகத்திலுள்ள வேலிச் சட்டம் அன்று. நாம் கட்டுகின்ற வேலியே.

என் மருமகன் இப்போதும் நாள்தோறும் விடியற்காலையிலே புறப்படுகிறான். பட்டிருப்புப் பாலத்தை அடைந்த பின்னரே கருவியை முடுக்குகிறான். புறப்படும்போது, "அம்மா, மண்டூர்ப் பக்கம் போய் ஏழு மணிக்குள் வந்துவிடுவேன்" என்று வாயாற் சொல்லிவிட்டுப் போகிறான். என் தமக்கைக்குத் தெரிய வேண்டியது முழுவதும் தெரிகிறது. உலகிற்குத் தெரிவது பாலத்திலிருந்து பாலம்வரை உள்ள ஒரு கோடு மட்டுமே. இரண்டிற்கும் இடையே உள்ள அந்தச் சிறு தூரம், பழைய ஓடத்துறையிலே நமக்கிருந்த வேலியை அவன் மீண்டும் கட்டிக்கொண்ட இடம்.

நேயர்களே, நடவுங்கள், ஓடுங்கள், வாவிக் காற்றை நெஞ்சு நிறைய வாங்குங்கள். ஆனால் உங்கள் வாசலுக்கு வழிகாட்டும் சுவடுகளை, உங்களை அறியாதவர் காலடியிலே இட்டு வைக்காதீர்கள்.